டைல்ஸ் இடுக்கில் பழைய கிரவுட்: மூலையிலும் எபாக்சி ஒட்டிலும் சிக்கல், வழி சொல்லுங்கள்

வணக்கம். குளியலறைத் தரை, 8 மி.மீ. செராமிக் டைல்ஸ், இடுக்கு 3 மி.மீ. இடுக்கை நிரப்பியிருக்கும் சிமென்ட் கிரவுட் கறுத்து உதிர்கிறது. அதை எடுத்துவிட்டுப் புதிதாக எபாக்சி (பிசின் வகை கிரவுட்) போட வேண்டும். அது பிடிக்க டைல்ஸ் கனத்தில் மூன்றில் இரண்டு பங்காவது, அதாவது 5, 6 மி.மீ. ஆழம் சுரண்டியாக வேண்டும். மேலாகச் சுரண்டிப் பூசினால் பெயர்ந்துவிடும்.

கார்பைடு பல் வைத்த கிரவுட் ரம்பத்தால் முதலில் நடுவில் கோடு கிழித்து, பிறகு இரு ஓரமும் எடுக்கிறேன். எடுத்த எடுப்பில் ஓரத்தில் வைத்தால் பளபளப்புப் பூச்சு சில்லு சில்லாகப் போய்விடும். தூசி பறக்காமல் இருக்கத் தண்ணீர் தெளிப்பு, கூடவே முகக்கவசம்.

இரண்டு இடத்தில் நிற்கிறது. சுவர் மூலையிலும், தண்ணீர் வெளியேறும் நகானி ட்ராப்பைச் சுற்றியும் ரம்பம் நுழையவில்லை. ஸ்க்ரூ டிரைவரைத் தட்டினால் டைல்ஸ் முனை உடைகிறது. அங்கே எந்தக் கருவி சரி? அடுத்து, முன்பு யாரோ எபாக்சி ஒட்டுப் போட்ட இடத்தில் ரம்பம் வழுக்குகிறது. ஹீட் கன்னால் (சூடான காற்று ஊதும் கருவி) இளக்கலாமா, எவ்வளவு நேரம் காட்டினால் டைல்ஸ் விரிசல் விடாது?

ஆசிட் வேண்டாம், அடியிலுள்ள சிமென்ட் கலவையையும் அரித்துவிடும். கையால் செய்து பார்த்த மேஸ்திரிமார் சொல்லுங்கள்.