நியூ ஆர்லியன்ஸ் பக்கம் பழைய கரும்புத் தோட்ட மாளிகைகள்: ஒரே நாள்தான் இருக்கிறது, எதைப் பார்ப்பது?

ஹூஸ்டன்_மருமகள்:

ஊரிலிருந்து மாமாவும் அத்தையும் வந்து ஒரு மாதம் ஆகிறது. கோயில், மால், நாசா எல்லாம் காட்டி முடித்தாயிற்று. நவம்பர் கடைசியில் தேங்க்ஸ்கிவிங் விடுமுறை வாரத்தில் காரில் நியூ ஆர்லியன்ஸ் போகிறோம், இரண்டரை நாள். அதில் ஒரு நாள் மிஸிஸிப்பி ஆற்றோரமாக இருக்கிற பழைய பிளாண்டேஷன் மாளிகைகளுக்குப் போகலாம் என்று என் வீட்டுக்காரர் சொல்கிறார். காலையில் ஹோட்டலுக்கே வந்து ஏற்றிக்கொண்டு போய், கைடு வைத்துச் சுற்றிக் காட்டி, சாயங்காலம் கொண்டுவந்து விடுகிற வேன் டூர்கள் நிறைய இருக்கின்றன. ஆனால் எதைத் திறந்தாலும் அதே படம்தான்: இரண்டு பக்கமும் ஓக் மரம், நடுவில் நடைபாதை, கடைசியில் வெள்ளைத் தூண் வைத்த வீடு. எது எந்த இடம் என்றே பிரித்துப் பார்க்க முடியவில்லை.

ஓக் ஆலி, லாரா, விட்னி, நாட்டோவே என்று நான்கு பெயர் எழுதி வைத்திருக்கிறேன். ஒரு நாளில் எத்தனை முடியும்? மாமாவுக்கு மூட்டு வலி, படி ஏறினால் அன்று ராத்திரி தூக்கம் போய்விடும். அத்தை சுத்த சைவம். மகளுக்குப் பத்து வயது. அந்தத் தோட்டங்களில் வேலை செய்த கறுப்பின அடிமைகளைப் பற்றிப் பள்ளிக்கூடத்தில் கொஞ்சம் படித்திருக்கிறாள், ஆனால் நேரில் காட்டுகிற அளவுக்கு வயது வந்துவிட்டதா என்று தெரியவில்லை. இன்னொன்று, மாமா விழுப்புரம் பக்கம் ஒரு சர்க்கரை ஆலையில் சாறு காய்ச்சுகிற பாய்லிங் ஹவுஸில் 31 வருஷம் வேலை பார்த்தவர். கரும்பு என்றால் நின்று பேச ஆரம்பித்துவிடுவார், அதற்கு ஏதாவது இருக்குமா?

கிரியோல்_காபி:

ஒன்பது வருஷமாக இந்த ஊரில் இருக்கிறேன். வருகிற விருந்தாளிகளை எல்லாம் அந்தப் பக்கம் அழைத்துப் போய்ப் பழக்கம், அதனால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

முதலில் நாட்டோவேயைப் பட்டியலிலிருந்து அடித்துவிடுங்கள். 1859-ல் கட்டி முடித்த வீடு, உள்நாட்டுப் போருக்கு முந்தைய மாளிகைகளில் மிச்சமிருந்ததிலேயே பெரியது, 2025 மே மாதம் தீப்பிடித்து எரிந்துபோயிற்று. சில பழைய பக்கங்களில் இன்னும் படம் கிடக்கும், நம்பிப் போகாதீர்கள்.

மற்ற மூன்றும் ஆற்றின் மேற்குக் கரையில், ஊரிலிருந்து ஏறக்குறைய ஒரு மணி நேர ஓட்டத்தில் இருக்கின்றன. ஓக் ஆலியும் லாராவும் வாஷரி என்ற ஊரில், அஞ்சு நிமிஷ இடைவெளியில். விட்னி அங்கிருந்து இருபது நிமிஷம் முன்னாலேயே வாலஸ் என்ற ஊரில் வந்துவிடும். ஒரு நாளைக்கு இரண்டு போதும். மூன்று பார்த்தவர்களுக்கு எந்தக் கட்டில் எந்த வீட்டில் இருந்தது என்றுகூட நினைவிருக்காது.

நீங்கள் பார்த்த அந்தப் படம் ஓக் ஆலி. 28 ஓக் மரங்கள், ஏறக்குறைய 800 அடிக்குக் குகை மாதிரி கவிந்து நிற்கும். வீடு 1839-ல்தான் முடிந்தது, மரங்கள் அதற்கு ஒரு நூறு வருஷம் முந்தியவை. வீட்டுக்குள் சுற்றிக் காட்டுவதில் மாடிப்படி உண்டு, மாமா கீழேயே மரத்தடியில் உட்காரலாம். அடிமைகள் இருந்த குடிசைகள் இப்போது திரும்பக் கட்டியவை, அதை ஒளிக்காமல் சொல்லியே வைத்திருக்கிறார்கள். அங்கே அடிமைப்பட்டிருந்தவர்களின் பெயர்களைச் சுவரில் எழுதியிருக்கிறார்கள். அதில் ஆன்ட்வான் என்ற தோட்டக்காரரைப் பற்றிக் கட்டாயம் கேளுங்கள். 1840-களில் பீக்கன் என்ற கொட்டை மரத்தை ஒட்டுக்கட்டி, கையாலேயே உடைக்கிற மாதிரி மெல்லிய ஓட்டுக் காய் வர வைத்தவர். அந்த ரகம் 1876-ல் பிலடெல்ஃபியா கண்காட்சியில் பரிசு வாங்கியது. அந்த மனிதரோ எஸ்டேட்டின் சொத்துப் பட்டியலில் 1,000 டாலர் என்று விலை போட்ட ஒரு வரி.

விட்னி வேறு மாதிரி. அங்கே கதையைப் பெரிய வீட்டிலிருந்து ஆரம்பிக்க மாட்டார்கள், அது கடைசியில்தான். தேவாலயம், பெயர்ச் சுவர்கள், குடிசைகள், அப்புறம்தான் முதலாளி வீடு. ஜான் கம்மிங்ஸ் என்ற வக்கீல் 1999-ல் வாங்கி, சொந்தப் பணத்தைப் போட்டு, 2014 டிசம்பரில் மக்களுக்குத் திறந்தார். அந்த ஒரு வட்டாரத்தில் மட்டும் செத்துப்போன 2,200 அடிமைக் குழந்தைகளின் பெயர் கல்லில் இருக்கிறது. முழுக்க வெட்டவெளி நடை, குடையும் தொப்பியும் வேண்டும்.

தேங்க்ஸ்கிவிங் அன்றைக்கு இரண்டும் மூடியிருக்கும், அதற்கு முன்னாலோ பின்னாலோ வையுங்கள். சாப்பாட்டுக்கு அங்கே நம்பி எதுவும் கேட்காதீர்கள். ரெட் பீன்ஸ் அண்டு ரைஸ் என்று பார்த்ததும் ராஜ்மா சாதம் என்று மகிழ்ந்துபோய் வாங்குவீர்கள், உள்ளே பன்றித் தொத்திறைச்சி கிடக்கும். புளியோதரை கட்டிக்கொண்டு போங்கள்.

வெயிலுக்கு_மோர்:

எனக்கு ஒன்று புரியவில்லை. வயசானவர்களை விடுமுறைக்குக் கூட்டிப்போகிறார்கள், அங்கே போய்ச் சவுக்கடியும் சங்கிலியும் எதற்கு? நாங்கள் ஓக் ஆலி மட்டும் போனோம், மரம் பார்த்தோம், போட்டோ எடுத்தோம், திருப்தியாக வந்தோம். தஞ்சாவூர் பெரிய கோயிலுக்குப் போனால் கல் சுமந்தவன் பாடு என்ன என்று கேட்டுக்கொண்டா நிற்கிறோம்? பத்து வயதுக் குழந்தையை அழ வைத்துத்தான் அனுப்ப வேண்டுமா.

கிரியோல்_காபி:

கேட்கலாமே, கேட்டால் என்ன. ஆனால் கோயில் கட்டி ஆயிரம் வருஷம். லாராவில் இருக்கிற குடிசைகளில் 1977 வரைக்கும் ஆட்கள் குடியிருந்தார்கள் சகோ. 1865-க்கு அப்புறம் சட்டப்படி விடுதலை, ஆனால் அதே கரும்பு, அதே குடிசை, தோட்டத்துக் கடையிலேயே கடன். விட்னியை முன்பு வைத்திருந்த ஹேடல் குடும்பத்துப் பெயரைத் தாங்கிய கறுப்பினப் பரம்பரையில் வந்த பெண்தான் நியூ ஆர்லியன்ஸின் முதல் கறுப்பின மேயர் எர்னஸ்ட் மோரியலின் மனைவி. எல்லாம் இந்த ஊரில் தெரிந்த குடும்பங்கள்.

குழந்தை விஷயத்தில் நீங்கள் சொல்வதில் பாதி நியாயம். 1811 ஜனவரியில் ஆற்றின் எதிர்ப்பக்கம், கிழக்குக் கரையில், அடிமைகளின் பெரிய கலகம் ஒன்று நடந்தது, சார்ல்ஸ் டெலாண்ட் என்பவர் தலைமையில் நூற்றுக்கணக்கானோர் நியூ ஆர்லியன்ஸை நோக்கி நடந்தார்கள். அடக்கியபின் தலைகளை வெட்டிக் கம்பத்தில் செருகி ஆற்றங்கரை நெடுக வைத்தார்கள். அதற்கு விட்னியில் ஒரு நினைவிடம் இருக்கிறது, அந்தத் தலைகளைப் பீங்கானில் செய்து வைத்திருக்கிறார்கள். பொதுப் பாதையிலிருந்து ஒதுக்கி வைத்திருப்பதால் வேண்டாம் என்றால் அந்தப் பக்கம் போகாமலே வந்துவிடலாம். மற்றதெல்லாம் பத்து வயதுக்குத் தாங்கும்.

ஹட்டன்_பேரன்:

எங்கள் தாத்தா இலங்கையில் மஸ்கெலியா பக்கம் தேயிலைத் தோட்டத்தில் லயத்தில், அதாவது தொழிலாளர்களின் வரிசை வீட்டில், பிறந்தவர். நான் டொராண்டோவில் வளர்ந்தவன், போன வருஷம்தான் லாராவும் விட்னியும் போனேன். வரிசை வரிசையாக மரக் குடிசை, ஒரே கூரை, நடுவில் ஒரு தடுப்பு, இந்தப் பக்கம் ஒரு குடும்பம் அந்தப் பக்கம் ஒரு குடும்பம், நடுவில் பொதுவாக ஒரு கணப்பு. மேட்டில் துரை பங்களா இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம், அங்கே தரை சமம். கைடு தோட்டத்துக் கடைக் கடனைப் பற்றிச் சொன்னபோது எனக்குத் தாத்தா சொல்கிற ‘துண்டு’ ஞாபகம் வந்தது. கங்காணியிடம் பட்ட கடனை எழுதின சீட்டு, அது தீராமல் ஆள் வேறு தோட்டத்துக்குப் போக முடியாது.

ஆனால் ஒன்றைத் தெளிவாகச் சொல்ல வேண்டும், இரண்டும் ஒன்றில்லை. எங்கள் ஆட்களை யாரும் மேடையில் ஏற்றி ஏலம் போடவில்லை, பிள்ளையைத் தனியாகப் பிரித்து விற்கவில்லை. ‘நாங்களும் அதே மாதிரிதான் கஷ்டப்பட்டோம்’ என்று கைடிடம் சொல்ல வாயெடுத்துவிட்டு நிறுத்திக்கொண்டேன்.

அப்புறம், கைடு அமைவது அதிர்ஷ்டம். சில வேன் டூர்களில் ஓட்டுநரே வழியெல்லாம் பேய்க் கதை சொல்லிக்கொண்டு வருவார். பதிவு செய்யுமுன் உள்ளே சுற்றிக் காட்டுவது தோட்டத்துக்காரர்களின் சொந்த கைடா என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

பாகு_பதம்:

மாமாவுக்கு ஒரு செய்தி இருக்கிறது, அதற்காகவே எழுதுகிறேன், நானும் ஆலைக்காரன்தான்.

அந்தத் தோட்டங்களில் பெரிய இரும்புக் கொப்பரைகளைப் பார்ப்பார். சில இடங்களில் அல்லி வளர்த்து அலங்காரத்துக்கு வைத்திருப்பார்கள். அதில்தான் சாறு காய்ச்சினார்கள். பெரிதிலிருந்து சிறிதுக்கு வரிசை, பிரெஞ்சில் கிராண்ட், ஃப்ளாம்போ, சிரோப், பாட்டரி என்று பெயர். கொதிக்கிற பாகை நீண்ட அகப்பையால் ஒன்றிலிருந்து ஒன்றுக்கு மொண்டு ஊற்ற வேண்டும், ராத்திரியிலும். லூசியானாவில் உறைபனி விழுந்தால் கரும்பு போயிற்று, வெட்டினதும் சீக்கிரம் பிழிய வேண்டும், அதனால் அக்டோபரிலிருந்து டிசம்பர் வரை ஆலை நிற்காது, ஆளும் தூங்க முடியாது. நீங்கள் போகிற நேரம் சரியாக வெட்டுப் பருவம், ரோட்டில் கரும்பு வண்டிகளைப் பார்ப்பீர்கள்.

இந்தக் கொப்பரை வரிசையை ஒழித்தவர் நார்பர்ட் ரில்யூ. 1806-ல் நியூ ஆர்லியன்ஸில் பிறந்தார். தாய் அடிமையாக இல்லாத கறுப்பினப் பெண், தகப்பன் வெள்ளைக்கார எஞ்சினியர். பாரீஸில் படித்துவிட்டு வந்து, ஒரு பாத்திரத்தின் ஆவியை வைத்தே அழுத்தம் குறைந்த அடுத்த பாத்திரத்தைக் கொதிக்க வைக்கிற மல்டிபிள் எஃபெக்ட் எவாப்பரேட்டரை உண்டாக்கி 1843-ல் காப்புரிமை வாங்கினார். இன்றைக்கு உலகத்தில் எந்தச் சர்க்கரை ஆலையிலும் அந்தத் தத்துவம்தான். மாமா 31 வருஷம் நின்றது அவர் பக்கத்தில்தான்.

ஹூஸ்டன்_மருமகள்:

போய்விட்டு வந்தாயிற்று, எல்லாருக்கும் நன்றி. புதன்கிழமை போனோம், காலையில் விட்னி, மத்தியானம் ஓக் ஆலி. வழியெல்லாம் ஆறு கண்ணிலேயே படவில்லை, புல் மூடின கரை மேடுதான் கூடவே வருகிறது, இந்தப் பக்கம் கரும்பு, நடுநடுவே ரசாயன ஆலைக் குழாய்கள்.

விட்னி தேவாலயத்தில் குழந்தைகளின் சிலைகள் இருக்கின்றன, நிஜக் குழந்தை அளவு, உட்கார்ந்தும் நின்றும். மகள் அவற்றின் நடுவே போய் நின்றுகொண்டாள், எல்லாம் அவள் உயரம். சிலை குழந்தையாக இருக்கிறது, அவர்கள் சொன்னதாகக் கொடுத்திருக்கிற பேச்சு மட்டும் பாட்டி மாதிரி இருக்கிறதே என்று கேட்டாள். சிறுவயதில் அடிமையாக இருந்தவர்களை 1930-களில், அவர்கள் கிழவர்களானபின் தேடிப் போய்ப் பேட்டி எடுத்து எழுதினார்களாம், அந்தப் பேச்சு அது என்று கைடு சொன்னார். அவள் அழவில்லை. அழுதது அத்தை, 2,200 பெயர் இருக்கிற இடத்தில், பக்கத்தில் எழுதியிருந்த வயதுகளை நான் படித்துச் சொல்லப் போய்.

கொப்பரையைப் பார்த்ததும் மாமா கைத்தடியை என்னிடம் கொடுத்துவிட்டு விளிம்பைத் தடவிப் பார்த்தார். ‘இதில் மொண்டு ஊற்றினால் முழங்கை வரைக்கும் வெந்துபோகுமே’ என்றார். ரில்யூ கதையை அங்கே வைத்துத்தான் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவே இல்லை. அப்புறம் வேனில் ஏறி, பக்கத்து சீட்டில் இருந்த ஒரு ஜெர்மன் தம்பதிக்குத் தன் இங்கிலீஷில் எவாப்பரேட்டர் எப்படி வேலை செய்கிறது என்று ஓக் ஆலி வருகிற வரைக்கும் விளக்கினார்.

ஓக் ஆலியில், மோர் சகோ, நீங்கள் சொன்னதும் உண்மைதான், அந்த மரங்கள் அவ்வளவு அழகு. ‘நம்ம ஊர் பழைய புளியமரச் சாலை மாதிரி இருக்கு’ என்று அத்தை அங்கேயே உட்கார்ந்துவிட்டார். போட்டோவும் எடுத்தோம். ஆன்ட்வான் பெயரை மகளே தேடிக் கண்டுபிடித்தாள்.

புளியோதரை யோசனைக்குத் தனியாக நன்றி. திரும்பும்போது பீக்கன் மிட்டாய் ஒரு பெட்டி வாங்கினோம். கடலை மிட்டாய்க்குப் பக்கத்தில் வர முடியாது, தித்திப்பு திகட்டுகிறது என்பது அத்தையின் தீர்ப்பு. மாமா தொடவில்லை. 31 வருஷம் சர்க்கரை காய்ச்சியவருக்கு சுகர்.