"நிர்வாக நலன் கருதி" மாறுதல்: ரிட் போட்டால் தடை கிடைக்குமா?

கேள்வி | தென்மாவட்ட அமைச்சுப் பணி

மாநில அரசு உதவியாளர் ஒருவருக்கு வேறு மாவட்டத்துக்கு மாறுதல். இப்போதைய இடத்தில் 11 மாதம்தான் ஆகிறது. ஆணையில் "நிர்வாக நலன் கருதி" என்பதைத் தவிர வேறு காரணம் இல்லை. அதற்குச் சற்று முன்புதான் அவர்மீது ஒரு மொட்டை மனு போயிருக்கிறது. விளக்கமும் கேட்கவில்லை, குறிப்பாணையும் (குற்றச்சாட்டு மெமோ) தரவில்லை. மனைவி உள்ளூரில் அரசுப் பள்ளி ஆசிரியை. இன்னும் ரிலீவ் ஆகவில்லை (பழைய இடத்திலிருந்து விடுவிக்கவில்லை). மேலதிகாரிக்கு மனு கொடுத்துவிட்டு மருத்துவ விடுப்பில் போகச் சொல்கிறார்கள். சரியா? உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டுத் தடை வாங்க முடியுமா?

பதில் | ரிட்காரர்

மருத்துவ விடுப்பு யோசனையை முதலில் விடச் சொல்லுங்கள். மனு நிலுவையில் இருப்பது புதிய இடத்தில் சேராததற்குக் காரணம் ஆகாது. குஜராத் மின்வாரிய ஊழியர் போஷானி சூரத்திலிருந்து உகாய்க்குப் போக மறுத்து மனுமேல் மனு போட்டார். வேலையே போனது, உச்ச நீதிமன்றம் 1989இல் அதைச் சரி என்றது. இங்கேயும் மருத்துவக் குழுவுக்கு அனுப்பி "தகுதியானவர்" என்று வந்துவிட்டால், வராத நாட்களுக்கு 17(பி), அதாவது கடும் தண்டனைக்கான ஒழுங்கு நடவடிக்கை, தயாராகிவிடும்.

தடைக்கு ரிலீவ் ஆகாதிருப்பதுதான் பெரிய பலம். பொறுப்பை ஒப்படைத்து, அந்த நாற்காலியில் இன்னொருவர் சேர்ந்துவிட்டால் இடைக்காலத் தடையில் நிறுத்தி வைக்க எதுவும் மிஞ்சாது. ஆகவே ஆணை கைக்கு வந்த வேகத்திலேயே அரசியல் சட்டப் பிரிவு 226இன் கீழ் செர்ஷியோரரிஃபைட் மாண்டமஸ் (ஆணையை ரத்து செய்து, இருக்கும் இடத்திலேயே தொடரவிட உத்தரவு) கேட்டு ரிட், கூடவே தடை மனு. அவர் இடத்துக்கு யாரையாவது போட்டிருந்தால் அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அவர் இல்லாமல் போட்டால் முதல் விசாரணையிலேயே அரசுத் தரப்பு அதைத்தான் பிடிக்கும்.

பதில் | கோப்புக் குறிப்பு

மூன்று காரணங்கள் சொல்கிறீர்கள், மூன்றும் ஒரே எடை இல்லை. கணவன் மனைவி ஒரே ஊர், குறைந்தபட்சக் காலம் எல்லாம் பெரும்பாலும் வழிகாட்டு நெறிகள். அவற்றை மீறியதால் மட்டும் ஆணை விழாது என்று எஸ்.எல். அப்பாஸ் வழக்கில் 1993இலேயே முடிவாகிவிட்டது. அவருக்கும் மனைவி அதே ஊரில்தான் வேலை. சட்டப்பூர்வ விதி மீறல், அதிகாரமில்லாதவர் போட்ட ஆணை, உள்நோக்கம்: இவற்றில்தான் நீதிமன்றம் கை வைக்கும்.

உங்களுக்கு இருப்பது மொட்டை மனு. சோமேஷ் திவாரி (2009) தீர்ப்பைப் படியுங்கள். பெயரில்லாத புகாரில் உண்மை இல்லை என்று தெரிந்தும் போபாலிலிருந்து ஷில்லாங்குக்குத் தூக்கினார்கள். தண்டனைக்குப் பதிலாகப் போட்ட மாறுதல் நிற்காது என்று ரத்தானது. ஆனால் புகாருக்கும் ஆணைக்கும் முடிச்சு இருப்பதைக் காட்ட வேண்டும். மாறுதல் கோப்பின் குறிப்புப் பக்கங்களை ஆர்டிஐயில் கேளுங்கள். பதிலுக்கு 30 நாள் ஆகும் என்பதால் அதற்காக வழக்கை நிறுத்தி வைக்காமல், கோப்பை வரவழைக்கும்படி ரிட்டிலேயே கோருங்கள்.

குறிப்பிட்ட அதிகாரிக்குப் பகை என்று எழுதுவதானால் அவரைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராக்க வேண்டும், நிரூபிக்கும் சுமையும் உங்களுடையது. ஈ.பி. ராயப்பா வழக்கில் (1974) தலைமைச் செயலாளராக இருந்தவராலேயே அதைத் தூக்க முடியவில்லை. பலர் கோபத்தில் இதை எழுதி, நல்ல வழக்கைக் கெடுத்துக்கொள்கிறார்கள்.

கேள்வி கேட்டவர்

எம்எல்ஏ பரிந்துரைக் கடிதமும் இருப்பதாகப் பேச்சு. அது போதாதா?

பதில் | கோப்புக் குறிப்பு

அது மட்டும் போதாது. மக்கள் பிரதிநிதி பரிந்துரைத்தார் என்பதாலேயே ஆணை கெடாது என்று முகமது மசூத் அகமது வழக்கில் (2007) சொல்லியாகிவிட்டது. பதிலுக்கு இவர் ஒரு சிபாரிசுக் கடிதம் வாங்கிக் கொடுத்தால் நடத்தை விதி மீறலாகும்.

பதில் | ரிட்காரர்

இன்னொன்று. "மனுவை நான்கு வாரத்தில் பரிசீலிக்கவும்" என்று மட்டும் உத்தரவிட்டு ரிட்டை முடித்துவிடுவது அடிக்கடி நடக்கிறது. அது தடை இல்லை. பரிசீலிக்கும்வரை இப்போதைய நிலை தொடரட்டும் என்று ஒரு வரியை வழக்கறிஞர் அங்கேயே கேட்டு வாங்க வேண்டும். கிடைக்காமல் ரிலீவ் செய்துவிட்டால், "வழக்கின் முடிவுக்கு உட்பட்டு" என்று சேர்க்கை அறிக்கையில் எழுதிக் கொடுத்துவிட்டுப் போய்ச் சேரட்டும். மத்திய அரசு ஊழியராக இருந்தால் இந்த ரிட் வழி கிடையாது. முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம்தான்.