வயது தனிநிலையா, தொடரா? இரண்டு முறையும் தவறாக எழுதிவிட்டேன்

பின்வரிசை:
பன்னிரண்டு ஆண்டு இடைவெளிக்குப் பிறகு மறுபடியும் புள்ளியியல் படிக்கிறேன். "எண்ணினால் தனிநிலை, அளந்தால் தொடர்" என்ற ஒற்றை வரியை மனப்பாடம் செய்துகொண்டு தேர்வுக்குப் போனேன். "ஒருவரின் வயது எவ்வகைச் சமவாய்ப்பு மாறி?" என்று கேட்டிருந்தார்கள் (வாய்ப்பைப் பொறுத்து மதிப்பு மாறும் எண்தான் சமவாய்ப்பு மாறி). 45, 46 என்று முழு எண்ணில்தானே சொல்கிறோம் என்று தனிநிலை என எழுதினேன். தவறு. அடுத்த தேர்வில் "நிறைவடைந்த ஆண்டுகளில் வயது" என்று வந்தது. சூடுகண்ட பூனையாகத் தொடர் என்று எழுதினேன். அதுவும் தவறு.

இப்போது எல்லாவற்றிலும் சந்தேகம். நிறுத்துக் கடிகாரம் 12.43 விநாடி என்று இரண்டு தசம இடங்களோடு நின்றுவிடுகிறது. அப்படியானால் நேரமும் தனிநிலைதானே? தலை விழும் வரை நாணயத்தைச் சுண்டினால் எத்தனை முறை சுண்ட வேண்டியிருக்கும் என்பதற்கு உச்சவரம்பே இல்லை. அது தொடரா? விடையையே நாணயம் சுண்டி எழுதிவிடு என்கிறார் கணவர்.

அரைப்பக்கம்:
இவ்வளவு குழப்பம் வேண்டாம். மதிப்புகளுக்கு நடுவே இடைவெளி இருந்தால் தனிநிலை, இல்லையென்றால் தொடர்.

பழைய ஆய்வகத்தான்:
இடைவெளி விதி பெரும்பாலும் காப்பாற்றும், ஆனால் பின்னங்களிடம் மாட்டிக்கொள்ளும். எந்த இரண்டு பின்னங்களுக்கு நடுவிலும் இன்னொரு பின்னம் உண்டு. ஆனாலும் எல்லாப் பின்னங்களையும் முதலாவது, இரண்டாவது என்று வரிசையில் நிறுத்திவிடலாம். மதிப்புகளை இப்படிப் பட்டியலிட முடிந்தாலே தனிநிலை; ஆகவே பின்ன மதிப்புகளை மட்டுமே ஏற்கும் மாறி தனிநிலைதான். மெய்யெண்களை அப்படி வரிசைப்படுத்தவே முடியாது என்று 1874இல் கணிதவியலாளர் கான்டர் நிறுவினார்.

பின்வரிசைக்கு: உங்கள் நாணயக் கேள்விக்கும் இதிலேயே விடை இருக்கிறது. 1, 2, 3 என்று பட்டியல் முடியாமல் போனாலும் அது பட்டியல்தான். நிகழ்தகவுகள் 1/2, 1/4, 1/8 என்று இறங்கி, மொத்தம் 1 ஆகிவிடுகின்றன. ஆகவே தனிநிலை.

வயதில் நீங்கள் சறுக்கியதற்குக் காரணம், பொருளைப் பார்த்து வகை சொல்ல முயன்றதுதான். வயதுக்கோ நேரத்துக்கோ வகை கிடையாது. அதிலிருந்து நீங்கள் எந்த எண்ணை எடுக்கிறீர்கள் என்பதற்குத்தான் வகை. பிறந்த கணத்திலிருந்து ஓடிய காலம் ஒரு மாறி. அதன் பின்னப் பகுதியை வெட்டிவிட்டால் கிடைக்கும் முழு எண் வேறொரு மாறி. கடிகாரமும் அப்படியே. ஓடிய நேரம் தொடர், திரையில் தெரியும் எண் தனிநிலை. அருகிலுள்ள இரண்டாம் தசம இடத்துக்கு முழுமையாக்கும் கடிகாரம் என்றால், 12.43 என்பது 12.425க்கும் 12.435க்கும் நடுவே எங்கோ என்று பொருள். ஓடிய நேரம் துல்லியமாக 12.43 ஆக இருப்பதன் நிகழ்தகவு சுழி. இந்தச் சுழியை மாணவர்கள் நம்பவே மாட்டார்கள். ஆய்வகத்தில் நான் நின்ற காலமெல்லாம் இந்த இடத்தில்தான் சண்டை.

அப்போதெல்லாம் நான் எடுத்து வீசும் ஆயுதம் இயற்பியலாளர்கள் ரூதர்ஃபோர்டும் கெய்கரும் 1910இல் வெளியிட்ட அளவீடு. பொலோனியம் என்ற கதிரியக்கத் தனிமத்திலிருந்து வரும் ஆல்ஃபா துகள்கள் திரையில் மோதும்போது தோன்றும் ஒளிப்பொட்டுகளை எண்ணினார்கள். காலத்தை 7.5 விநாடித் துண்டுகளாக வெட்டினார்கள். மொத்தம் 2,608 துண்டுகள். ஒரு துண்டில் எத்தனை துகள்? 0, 1, 2, 3... இப்படித் தற்செயலாக நிகழ்பவற்றின் எண்ணிக்கைக்கான நிகழ்தகவுகளைத் தருவது பாய்சான் பரவல், சராசரி ஏறத்தாழ 3.87. தனிநிலை. அதே திரையைப் பார்த்து, அடுத்த துகளுக்கு எவ்வளவு நேரம் காத்திருக்க வேண்டும் என்று கேளுங்கள். அந்தக் காத்திருப்பு நேரத்துக்கான பரவல் அடுக்குக்குறிப் பரவல். தொடர். திரையும் பொலோனியமும் மாறவில்லை.

எனக்கு இதில் மிகவும் பிடித்த இடம் ஒன்று உண்டு. 57 துண்டுகளில் ஒரு துகள்கூட வரவில்லை. பாய்சான் கணக்கு ஏறத்தாழ 54 என்கிறது. ஒரு துண்டில் துகள் எண்ணிக்கை சுழி என்றால், அந்தத் துண்டு தொடங்கியதிலிருந்து 7.5 விநாடிக்கு மேல் காத்திருக்க வேண்டியிருந்தது என்றுதானே பொருள்? ஒரே நிகழ்ச்சியைத் தனிநிலை மாறியாலும் சொல்லலாம், தொடர் மாறியாலும் சொல்லலாம். இரண்டு வழியிலும் வருவது ஒரே நிகழ்தகவுதான்.

அரைப்பக்கம்:
பின்னங்களை நான் நினைக்கவே இல்லை. என் விதியைத் திரும்பப் பெறுகிறேன்.

பின்வரிசை:
ஐயா, அந்த 54ஐ நானே போட்டுப் பார்த்தேன், சரியாக வந்தது. ஒன்று மட்டும் இடிக்கிறது. ஒரு நாளில் பெய்யும் மழையின் அளவு? அளக்கிறோம், ஆகவே தொடர். ஆனால் மழையே பெய்யாத நாள்கள் ஏராளம். சுழி என்ற அந்த ஒற்றைப் புள்ளிக்கு மட்டும் நிகழ்தகவு சுழி இல்லையே?

பழைய ஆய்வகத்தான்:
அது இரண்டும் இல்லை, கலப்பு மாறி. அதன் குவிவு பரவல் சார்பை, அதாவது மாறி ஒவ்வொரு மதிப்பையோ அதற்குக் குறைவானதையோ ஏற்பதன் நிகழ்தகவை, வரையுங்கள். சுழியில் ஒரே தாவலாக மேலே ஏறும், பிறகு வழுக்கிக்கொண்டு வளரும். தனிநிலை மாறிக்கு ஏற்றமெல்லாம் தாவலாகவே இருக்கும், தொடர் மாறிக்குத் தாவலே இருக்காது. சிவப்பு விளக்கில் காத்திருக்கும் நேரமும் மழை மாதிரிதான்; பச்சையில் வந்து சேர்ந்தவருக்குச் சுழி. இரண்டே வகை என்று பாடநூல் சொல்வது பக்கத்தை மிச்சப்படுத்தத்தான் என்று எனக்கு நெடுநாள் சந்தேகம்.

பின்வரிசை:
வரைந்துவிட்டேன், தாவல் தெரிகிறது. கணவரிடம் நாணயத்தைத் திருப்பிக் கொடுத்தாயிற்று.