ட்ரான்ஸ்ஃபார்மருக்கும் கட்டை உண்டு

கர்நாடக சங்கீதம் படித்துவிட்டு சினிமா பக்கம் வந்தவர்களைப் பற்றிப் பேச்சு வரும்போதெல்லாம், நான் பழகிய ஒருவர்தான் நினைவுக்கு வருவார். பெயர் வேண்டாம். கச்சேரிகளில் பக்கவாத்தியம் வாசித்த வயலின் வித்வான். சாலிகிராமத்தில் நான் சவுண்ட் டிசைன் உதவியாளனாக இருந்த ஸ்டுடியோவுக்குப் பின்னணி இசை வாசிக்க வந்தார். எங்கள் எல்லோருக்கும் அவர் 'அண்ணா'.

முதல் தகராறு காந்தாரத்தில், அதாவது 'க' ஸ்வரத்தில். கீபோர்டில் நீளமாக ஒலித்துக்கொண்டே இருக்கும் ஒரு பேட் போட்டு வைத்திருந்தார்கள், அதன்மேல் அண்ணா வாசிக்க வேண்டும். காதில் தாளம் தட்டிக்கொண்டிருக்கும் கிளிக் அவருக்கு ஒரு பொருட்டே இல்லை. அந்தர காந்தாரத்தில் வந்து நின்றதும் இசையமைப்பாளர், "கொஞ்சம் ஃப்ளாட்டா இருக்குண்ணா" என்றார். அண்ணாவுக்குச் சுருக்கென்றது. "உன் பெட்டிதாம்ப்பா ஏறி நிக்குது!" தம்புராவோடு இழையும் காந்தாரம் கீபோர்டு காந்தாரத்தைவிட ஏறக்குறைய 14 சென்ட் கீழே இருக்கும், அரை ஸ்வரத்தில் ஏழில் ஒரு பங்கு. ஆக, இரண்டு பேர் சொன்னதும் சரிதான். கடைசியில் பேடிலிருந்து காந்தாரத்தை எடுத்துவிட்டு ஸட்ஜமும் பஞ்சமமும் மட்டும் வைத்தோம். சண்டை முடிந்தது.

சங்கடம் கொடுத்த அதே காதுதான் எங்கள் வேலைக்குப் பெரிய லாபமாக அமைந்தது. ஒரு காட்சி: ராத்திரி, துணை மின்நிலையம், தனியாக ஒருவன். நான் ட்ரான்ஸ்ஃபார்மர் ரீங்காரத்தைப் போட்டிருந்தேன். பின்னால் காபி குடித்துக்கொண்டிருந்த அண்ணா, "இது அஞ்சு கட்டைக்கு மேல நிக்குதே, கொஞ்சம் இறக்கு" என்றார். கட்டை என்பது ஸ்ருதியின் உயரத்தைச் சொல்லும் அளவு. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், ட்ரான்ஸ்ஃபார்மர் முனகுவது அதன் இரட்டிப்பில், 100 ஹெர்ட்ஸில். அண்ணா வாசித்திருந்த ஐந்து கட்டை ஸட்ஜமோ கீழ் ஸ்தாயியில் 98. இறக்கினேன். வயலின் அந்த ரீங்காரத்துக்குள்ளிருந்தே கிளம்புவது போல ஆகிவிட்டது. படம் பார்த்த இயக்குநர், "மியூசிக் எங்க ஆரம்பிக்குது?" என்று கேட்டார். அதற்கப்புறம் ஒலிக்கலவை நடக்கும்போதெல்லாம் அண்ணாவைக் கூப்பிட்டு உட்கார வைத்தோம்.

அவர் கொடுத்த யோசனைகள் நிறைய. தம்புராவைப் பதிவு செய்து வேகத்தைக் கால்வாசியாக்கினால் இரண்டு ஸ்தாயி கீழே போய்விடும், பாழடைந்த பங்களாவுக்கு அதுவே போதும். தண்ணீர் தடவிய கஞ்சிராவைத் தட்டித் தோலை அமுக்கினால் ஒரு உறுமல் வளைந்து வரும். பேய்ப் படத்துக்கு வெளியே சத்தம் தேட வேண்டியதில்லை.

ஐஸ்லாந்தின் செல்லோ கலைஞர் ஹில்டுர் குட்னடோட்டிர் 2019இல் வந்த செர்னோபில் தொடருக்கு, லிதுவேனியாவில் மூடிக்கிடந்த ஓர் அணுமின் நிலையத்தில் பதிவு செய்த சத்தங்களிலிருந்தே இசையமைத்தார். அதை அண்ணாவிடம் சொன்னேன். அவர் கேட்டது ஒன்றுதான்: "அங்க பம்பு எல்லாம் என்ன கட்டையாம்?"

ஃபோலிக்கு, அதாவது காட்சியைப் பார்த்து காலடி மாதிரிச் சத்தங்களை ஸ்டுடியோவில் செய்து பதிவதற்கு மட்டும் அவரை விடக்கூடாது. குடிகாரன் தள்ளாடி நடக்கும் சத்தம் கேட்டால் ஏழு எண்ணிக்கைத் தாளமான மிஸ்ர சாபுவில் நடந்து கொடுத்தார். இயக்குநர் அதையும் ஓகே செய்துவிட்டார், அது வேறு விஷயம்.