நிழலடங்கல் (சூரியன் நேர் உச்சிக்கு வரும்போது உட்கார்ந்து, தன் நிழலைத் தனக்குள் அடக்கும் பயிற்சி) உட்கார்ந்தவர்கள், உங்களுக்கு நடந்ததை எழுதுங்கள்

சத்துவாச்சாரிக்காரன்:
போன ஏப்ரல் 24, வேலூர்க் கோட்டைக்குள் மதிலோரக் கருங்கல், நாங்கள் மூன்று பேர். மூச்சு எண்ணுவது, நிழலை முழங்கால் வரை இழுப்பது, இடுப்புக்குள் ஏற்றுவது எல்லாம் உங்களுக்குத் தெரியும், விடுங்கள். 12.12-க்கு அடங்கியது. கண்ணை மூடினேன். திறந்தபோது மணி 12.40. கழற்றி வைத்த செருப்புக்கு நிழல் வந்திருந்தது, தண்ணீர் பாட்டிலுக்கு விரற்கடை அளவு வந்திருந்தது, மற்ற இருவருக்கும் வந்துவிட்டது. எனக்கு இல்லை. கையைத் தூக்கி ஆட்டிப் பார்த்தேன், கல் வெறும் கல்லாகவே கிடந்தது.

எட்டு நிமிஷம் கழித்து வந்தது. வந்த பிறகுதான் பயமே. ஏப்ரல் மாதத்து வேலூர்க் கல்லில் வெறுங்காலை வைத்தால் என்ன ஆகும் என்று இங்கே யாருக்கும் சொல்ல வேண்டாம். என் நிழல் விழுந்த இடம் மட்டும் தண்ணீர்ப் பானையின் அடிவயிற்றைத் தொட்ட மாதிரி ஜில்லென்று இருந்தது. உள்ளங்கையை வைத்து வைத்து எடுத்தேன். லேசாகப் பாசி வாசனை வேறு. அகழிக்குப் போய்விட்டு வந்ததா, வேறு எங்காவதா, இன்னும் தூக்கத்தில் யோசிக்கிறேன்.

காட்பாடி பிசிக்ஸ்:
கோபித்துக்கொள்ளாதீர்கள் சார், இது பழைய சாயாபுருஷ வேலைதான். நிழலையே வெறித்துவிட்டு வானத்தைப் பார்த்தால் வெள்ளையாக ஓர் உருவம் தெரியும், விழித்திரை களைத்துப்போவதால் வருவது. நானும் மொட்டை மாடியில் உட்கார்ந்தேன், தலைவலி வந்தது, இறங்கிவிட்டேன். என் அனுபவம் அவ்வளவுதான்.

ஆனால் உட்காருகிறவர்கள் நேரத்தையாவது சரியாகப் பாருங்கள். அக்னி நட்சத்திரத்தில் உட்கார்ந்தால் இரட்டைப் பலன் என்று யாரோ கிளப்பிவிட்டிருக்கிறார்கள், சுத்தப் பொய். நம்ம ஊர் பூமத்திய ரேகைக்கு வடக்கே ஏறக்குறைய 12.9 பாகையில் இருக்கிறது. சூரியன் வருஷத்தில் இரண்டே முறைதான் நேர் உச்சிக்கு வரும், ஏப்ரல் 24 வாக்கில் ஒரு தடவை, ஆகஸ்ட் 18 வாக்கில் ஒரு தடவை. இடைப்பட்ட நாட்களில் அது நமக்கு வடக்கே போய்விடுவதால் மே மாதம் நட்ட நடு மத்தியானத்தில்கூட நிழல் தெற்கே கொஞ்சம் நீட்டிக்கொண்டுதான் இருக்கும், அடங்கவே அடங்காது. அப்புறம் பன்னிரண்டு மணிக்கு அலாரம் வைக்காதீர்கள். கடிகாரம் ஓடுவது 82.5 பாகைத் தீர்க்கரேகைக் கணக்கில், நாம் அதற்கு மேற்கே 79-ஐத் தாண்டி இருக்கிறோம். அதனால் நமக்கு உச்சி ஏப்ரலில் 12.12, ஆகஸ்டில் 12.17.

சோளிங்கர் மருமகள்:
குரங்குக்குமா விழித்திரை களைத்தது? சொல்லுங்கள் தம்பி.

ரோப் கார் வருவதற்கு முன்னால், 1305 படி ஏறி யோக நரசிம்மரைப் பார்த்துவிட்டு, படியோரம் உட்கார்ந்தேன். மாமியார் பக்கத்தில் விசிறிக்கொண்டிருந்தார். அடங்கிவிட்டது, என் இடப்பக்கம் தரை காலி. மடியில் இருந்த வாழைப்பழத்துக்கு ஒரு குரங்கு நேராக வந்தது. அந்தக் காலி இடம் வந்ததும் நின்றது. அப்புறம், தரையில் படுத்திருக்கிற ஆளை மிதிக்காமல் போவோமே, அப்படி வளைந்து, என் முதுகுப் பக்கமாகச் சுற்றி வந்து பழத்தைப் பிடுங்கிக்கொண்டு போனது. பின்னாலேயே வந்த குட்டியும் அதே வளைவு. மாமியார் என் தோளைத் தொட்டு ரொம்பச் சாதாரணமாகச் சொன்னார், "மெதுவா எழுந்திரும்மா, பக்கத்துல தூங்குறாங்க."

யார் என்று இன்றுவரை நானும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

ஆற்காடு மக்கன்பேடா:
சத்துவாச்சாரி தம்பி, எட்டு நிமிஷத்துக்கா இந்தப் பதற்றம்? நீ உட்கார்ந்த கோட்டைக்குள் இருக்கும் ஜலகண்டேஸ்வரர் கோயிலே மூலவர் இல்லாமல் தலைமுறை தலைமுறையாகக் கிடந்தது. லிங்கம் உங்கள் சத்துவாச்சாரியில்தான் இருந்தது, 1981-இல்தான் திரும்பி வந்தது. போனது வரும் ஊர் அது.

நான் பாலாற்று மணலில் ஒரே ஒரு தடவை உட்கார்ந்தேன், என் நிழல் ஈரம் தேடி மணலுக்குள் இறங்கியது, ஈரம் இல்லை என்று உடனே வந்துவிட்டது. ஆற்றின் நிலைமை அப்படி. சரி, என்னைக் கேட்டால் இனி எல்லாரும் இதைச் செய்யுங்கள்: முதல் நாள் ராத்திரி கேழ்வரகுக் கூழ், காலையில் உப்புப் போட்ட நீர்மோர் இரண்டு சொம்பு, காபி வேண்டாம், ஐஸ் தண்ணீர் கூடவே கூடாது. தலையில் ஈரத்துண்டு போடலாம், தொப்பி கூடாது, நிழலுக்கு விளிம்பு குழம்பிவிடும். திரும்பக் கூப்பிடும்போது பெயர் சொல்லிக் கூப்பிடாதீர்கள், அதே பெயரில் வேறு யாருடைய நிழலாவது வந்து ஒட்டிக்கொண்டால் யார் பிரிப்பது? நாற்பது தாண்டியவர்கள் பிபி மாத்திரையை விடாதீர்கள். வெயிலில் கண் இருட்டினால் அது யோக சித்தி இல்லை, நிழலான இடத்துக்குப் போய்ப் படுங்கள்.

காவலூர்ப் பக்கம்:
நிழலான இடத்துக்கே போகச் சொல்கிறீர்களே அண்ணா.

நான் பகலில் உட்காருவதில்லை. ஜவ்வாது மலையில், தொலைநோக்கி இருக்கிற பக்கம், நிலா இல்லாத இரவில் வெள்ளி நன்றாகப் பிரகாசித்தால் அதற்கே மங்கலாக நிழல் விழும், வெள்ளைத் துணி விரித்தால் தெரியும். வெள்ளி மேற்கே தாழ்ந்திருந்தது, நிழல் நீளமாக விழ வேண்டும். என்னுடையது ஒரு முழம்தான் இருந்தது. சிறுபிள்ளை உட்கார்ந்திருக்கிற மாதிரி. தலையில் குடுமி. துணியைச் சுருட்டிக்கொண்டு வந்துவிட்டேன், அந்தத் துணியை இன்னும் பிரிக்கவில்லை.

சத்துவாச்சாரிக்காரன்:
மோர் குடித்தால் எல்லாம் சரியாகிவிடும் என்கிறவர்களுக்கு நன்றி. பிசிக்ஸ் சார், ஆகஸ்ட் 18, 12.17, அதே கல். தெர்மாமீட்டர் இருந்தால் எடுத்து வாருங்கள்.

காட்பாடி பிசிக்ஸ்:
ஆகஸ்டில் மேகம் மூடிக்கொள்ளும், பார்த்துக்கொண்டே இருங்கள். சரி, வருகிறேன். இரண்டு தெர்மாமீட்டர், ஒன்று நிழலுக்கு, ஒன்று கல்லுக்கு.

சோளிங்கர் மருமகள்:
மாமியாரும் வருகிறாராம். கூட ஒரு பாய் எடுத்து வரச் சொல்கிறார்.