யூதர்கள் தங்கள் சமய நூல்களையே ஆராயத் தொடங்கியது நம்பிக்கை போனதாலா?

லிந்துலை டீச்சர்:
வணக்கம். தோட்டப் பாடசாலையில் வரலாறு படிப்பிக்கிறேன். சிவன் காமனை எரித்த கதையை ஆடும் எங்கள் தோட்டத்துக் காமன் கூத்தின் பாட்டு இரண்டு பழைய கொப்பிகளில் இருக்கிறது. காமனின் மனைவி ரதி புலம்பல் இரண்டிலும் ஒரே மாதிரி இல்லை. எது முந்தியது என்று கேட்டதற்குக் கூத்து மாஸ்டருக்குக் கோபம் வந்துவிட்டது. "என்ன டீச்சர், சாமி பாட்டுக்கு வயசு பாக்குறீங்களா?" என்றார். 19ஆம் நூற்றாண்டில் ஜெர்மன் யூதர்கள் தங்கள் நூல்களை இப்படிக் காலம் பிரித்துப் பார்த்ததாக வாசித்தேன். நம்பிக்கை விட்டுப்போய்த்தான் அதைத் தொடங்கினார்களா? அவர்களுக்கும் திட்டு விழுந்ததா?

பண்டாரவளை பென்ஷன்காரர்:
திட்டு தாராளமாக விழுந்தது, டீச்சர். ஆனால் நம்பிக்கை போனதுதான் காரணம் என்பதை நான் ஏற்கமாட்டேன். இந்த ஆராய்ச்சியைத் தொடங்கிவைத்த லியோபோல்ட் சுன்ஸைப் பாருங்கள். 1794இல் பிறந்தவர். பெர்லின் பல்கலைக்கழகத்தில் பழைய கிரேக்க நூல்களை ஆராயும் முறையைக் கற்றார். ரபிமார், அதாவது யூத சமய குருமார், எழுதிவைத்தவற்றையும் அதே முறையில் படிக்க வேண்டும் என்று 1818இல் ஒரு சிறு நூல் போட்டார். அடுத்த வருடம் ஆகஸ்டில் யூதருக்கு எதிராக ஹெப்-ஹெப் கலவரம். நவம்பரில் சுன்ஸும் எடுவார்ட் கான்ஸும் இன்னும் சிலரும் பெர்லினில் யூதப் பண்பாட்டை ஆராய ஒரு சங்கம் தொடங்கினார்கள். கவிஞர் ஹைனேயும் பிறகு வந்து சேர்ந்தார்.

கான்ஸ் சட்டம் படித்தவர். யூதருக்குப் பல்கலைக்கழகப் பதவி கிடையாது என்று 1822இல் அரச உத்தரவு வந்தது. 1824இல் சங்கம் கலைந்தது. மறுவருடம் கான்ஸும் ஹைனேயும் ஞானஸ்நானம் பெற்றார்கள். அதன்பிறகு கான்ஸுக்குப் பதவி கிடைத்தது. சுன்ஸ் மாறவில்லை.

இனித்தான் விஷயம். யூத ஜெபாலயத்தில் ஜெர்மன் மொழிப் பிரசங்கம் புதுப்பழக்கம் என்று 1823இல் பெர்லினை ஆண்ட பிரஷ்ய அரசு தடுத்தது. சுன்ஸ் 1832இல் ஒரு பெரிய புத்தகத்தோடு வந்தார். வேதத்துக்கு ரபிமார் சொன்ன விளக்கங்களான மித்ராஷ் நூல்களை ஒவ்வொன்றாகக் காலம் பிரித்து, சனங்களுக்கு விளங்கும் மொழியில் பிரசங்கம் செய்வது மிகப் பழைய வழக்கம் என்று காட்டினார். அப்புறம், யூதர்கள் கிறிஸ்தவப் பெயர் வைக்கக் கூடாது என்ற பேச்சு எழுந்தது. 1837இல் அவர்களுடைய பெயர்களின் வரலாற்றை எழுதினார். அலெக்சாண்டர் போன்ற கிரேக்கப் பெயர்கள் யூதரிடம் எத்தனை காலமாகப் புழங்குகின்றன என்பதெல்லாம் அதில் வரும். அரசாங்கத்தோடு வழக்காட அவருக்கு ஆராய்ச்சிதான் ஆதாரம். இலங்கையின் 1948 பிரஜாவுரிமைச் சட்டத்துக்குப் பிறகு தகப்பன் எங்கே பிறந்தார் என்று நிரூபிக்க எங்கள் வீட்டார் தோட்டத்தின் பழைய செக்ரோல் (வேலையாள் பதிவேடு) தேடி அலைந்தார்கள். அதனாலோ என்னவோ, சுன்ஸை எனக்குச் சட்டென்று பிடித்துப்போனது.

ஹப்புத்தளை குணா:
சேர் வழக்குப் பக்கத்தை மட்டும் சொல்கிறார். ரபிகளான ஆபிரகாம் கைகரும் சாம்சன் ரபேல் ஹிர்ஷும் ஜெர்மனியின் பொன் (Bonn) நகரப் பல்கலைக்கழகத்தில் நண்பர்கள். பிறகு காமன் எரிந்தான், எரியவில்லை என்று இரு கட்சி பாடும் லாவணி மாதிரி எதிரெதிரே நின்றார்கள். சமயச் சட்டம் காலத்தோடு வளர்ந்தது, இனியும் மாறலாம் என்றார் கைகர். சீனாய் மலையில் கடவுள் கொடுத்ததை மனிதன் திருத்த முடியாது என்றார் ஹிர்ஷ். நடுவில் நின்ற சகாரியாஸ் பிராங்கலுக்குத்தான் பலத்த அடி. பிரெஸ்லா நகரில் 1854இல் திறந்த ரபி கல்லூரியின் தலைவர் அவர். 1859இல் ரபிமாரின் சட்டத் தொகுப்பான மிஷ்னாவின் வளர்ச்சியை வரலாறாக எழுதினார், ஹிர்ஷ் தரப்பு விடவில்லை. டீச்சரின் மாஸ்டர் அந்தத் தரப்பு.

இன்னொன்று. ஆராய்ந்தவர்களும் சுத்தமான நீதிபதிகள் இல்லை. யூதர் வரலாற்றை 11 தொகுதியாக எழுதிய கிரேட்ஸுக்கு, யூத மறைஞான மரபான கபாலா என்றாலே வெறுப்பு. ஐரோப்பியர் முன் அது வெட்கக்கேடு என்ற நினைப்பு அந்தத் தலைமுறைக்கு இருந்தது. 20ஆம் நூற்றாண்டில் ஆய்வாளர் கெர்ஷோம் ஷோலெம் வந்துதான் அதற்கு ஒரு மரியாதை கிடைத்தது. நம்மில் படித்தவர்கள் காமன் கூத்தைப் பார்த்த பார்வையும் அப்படித்தானே?

லிந்துலை டீச்சர்:
உண்மைதான் குணா. எங்கள் பாடசாலையிலேயே அதை மேடையேற்ற யோசிக்கிறார்கள். சேர், இப்போது மாஸ்டரிடம் எப்படிப் போவது?

பண்டாரவளை பென்ஷன்காரர்:
வயது கேட்டுப் போகாதீர்கள். அவரைப் பாடச் சொல்லிப் போனில் பதியுங்கள், அது பாட்டின் மூன்றாவது வடிவம். கொப்பிகளைப் பக்கம் பக்கமாகப் படம் எடுங்கள். அதில் கடைக்கணக்கோ சம்பளக்கணக்கோ கிறுக்கியிருந்தால் அதையும் விடவேண்டாம். கெய்ரோவில் ஒரு ஜெபாலயத்தில், கடவுள் பெயர் இருக்கலாம் என்று பழைய தாள்களை எறியாமல் ஓர் அறையில் போட்டுவைத்தார்கள். கேம்பிரிட்ஜ் ஆய்வாளர் சொலமன் ஷெக்டர் 1896-97இல் போய் அவற்றைக் கேம்பிரிட்ஜுக்கு அள்ளிவந்தார். வேதத் துண்டுகளோடு வியாபாரக் கடிதங்களும் கிடந்தன. 12ஆம் நூற்றாண்டில் மங்களூரில் இருந்த யூத வியாபாரி ஒருவரை நமக்குத் தெரியவந்ததே அந்தக் கடிதங்களால்தான்.

சரி, அந்த ரதி புலம்பல் எந்த அடியில் பிரிகிறது? இரண்டையும் இங்கே போடுங்கள் பார்ப்போம்.