ஒன்பது முறை தேசிய சாம்பியன்: மானுவல் ஆரோன் படம் சுவரில் எதற்கு?

வெட்டூர்ணிமடம் சிப்பாய்:
நாகர்கோவிலில் மாடி அறையில் பிள்ளைகளுக்குச் செஸ் சொல்லிக்கொடுக்கிறேன். போன வாரம் சுவரில் ஆனந்த், குகேஷ் படங்களுக்கு மேலே மானுவல் ஆரோன் படத்தை ஒட்டினேன். கூட்டிப்போக வந்த ஒரு அப்பா கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டு, "இவர் கிராண்ட்மாஸ்டரே ஆகலியே சார், பிள்ளைகளுக்கு இவரை எதுக்குக் காட்டணும்?" என்றார். நல்ல மனுஷர், கேள்வியும் நியாயமானது. எனக்குத்தான் அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. 1959க்கும் 1981க்கும் இடையில் ஒன்பது முறை தேசிய சாம்பியன். 1961இல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர், அதாவது கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழே உள்ள பட்டம். அர்ஜுனா விருது வாங்கிய முதல் செஸ் ஆட்டக்காரர். இதற்கு மேல் என்ன வேண்டும்?

கோட்டாறு 64:
சார், அந்த அப்பா நானில்லை. நானாக இருந்தாலும் அதையேதான் கேட்டிருப்பேன். ஒன்பது முறை ஜெயித்தார், சரி. யாரிடம்? அந்தக் காலத்தில் பெரும்பகுதி நாட்டில் இன்னொரு இன்டர்நேஷனல் மாஸ்டர் கூடக் கிடையாது. வெளியே போய் ஆடியதைப் பாருங்கள். 1962, ஸ்டாக்ஹோம் இன்டர்ஸோனல், உலகப் பட்டத்துக்கான தகுதிச் சுற்று. 23 பேர், ஆளுக்கு 22 ஆட்டம். பின்னாளில் உலகச் சாம்பியன் ஆன அமெரிக்கர் பாபி ஃபிஷர் பதினேழரைப் புள்ளியோடு முதலிடம். ஆரோன் 4 புள்ளி, கடைசி இடம். பெரியவர்மேல் எனக்கு மரியாதை உண்டு. ஆனால் பிள்ளைகளிடம் இதை மறைக்கக் கூடாது.

வெட்டூர்ணிமடம் சிப்பாய்:
நான் மறைக்கவில்லை. அந்த 4 புள்ளிக்குள் யார் யார் இருக்கிறார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்கிறேன். ஹங்கேரியின் போர்டிஷ், அப்போது 24 வயது, பின்னாளில் உலகப் பட்டத்துக்கான கேண்டிடேட்ஸ் சுற்றுகளில் திரும்பத் திரும்ப ஆடியவர். கிழக்கு ஜெர்மனியின் உல்மான். இரண்டு பேரையும் ஆரோன் தோற்கடித்தார். வகுப்பில் இதைச் சொன்னபோது ஒன்பது வயதுப் பிள்ளை ஒருத்தி, கையில் வைத்திருந்த குதிரையைக் கீழே வைக்காமலே, "கடைசியா வந்தவர் எப்படி சார் இவங்களை ஜெயிச்சார்?" என்று கேட்டாள். அந்த ஒரு கேள்விக்காகவே படம் சுவரில் இருக்கலாம் என்று எனக்குத் தோன்றுகிறது.

குளச்சல் காத்து:
நாடுகளின் அணிகள் மோதும் செஸ் ஒலிம்பியாட், அதில் லைப்ஸிக்கை விட்டுவிட்டீர்களே அண்ணே. 1960இல் முன்னாள் உலகச் சாம்பியன் மாக்ஸ் ஈவையே ஜெயித்திருக்கிறார்.

கோட்டாறு 64:
தம்பி, ஈவ் உலகச் சாம்பியனாக இருந்தது 1935 முதல் 1937 வரை. லைப்ஸிக்கில் அவருக்கு 59 வயது. போர்டிஷை ஜெயித்ததை ஒத்துக்கொள்கிறேன், இதை அதோடு சேர்க்காதீர்கள்.

மார்த்தாண்டம் தேர்:
எங்கள் தாத்தா விளவங்கோடு பக்கம், திருவிதாங்கூர் காலத்து ஆள். ரூக்கைத் தேர் என்பார், பிஷப்பை ஆனை என்பார். பள்ளிக்கூடத்தில் கற்றுக்கொண்டு வந்து நான் ரூக்கை யானை என்று சொன்னபோது, "அது தேராக்கும்" என்று என் கையிலிருந்து வாங்கி மூலையில் வைத்தார். பெயர் மட்டுமில்லை, விதியும் வேறு. அவர் ஆட்டத்தில் சிப்பாய் முதல் நகர்விலும் ஒரு கட்டம்தான் போகும். ராஜாவும் ரூக்கும் ஒரே நகர்வில் இடம் மாறுகிற காஸ்லிங் கிடையாது. ராஜா, செக் வாங்காதவரைக்கும், ஒரே ஒரு தடவை குதிரை மாதிரித் தாவலாம். நாட்டில் பல இடங்களில் இப்படித்தான் ஆடிக்கொண்டிருந்தார்கள். அந்தச் சூழலிலிருந்து சர்வதேச விதிக்கும், ஓப்பனிங், அதாவது தொடக்க நகர்வுகளைப் படித்து ஆடும் பழக்கத்துக்கும் நம் ஆட்களைக் கொண்டுவந்ததில் ஆரோனுக்குப் பெரிய பங்கு உண்டு. இதைப் பட்டத்தை மட்டும் எண்ணுகிறவர்கள் பார்ப்பதில்லை.

கோட்டாறு 64:
அந்தப் பழைய விதியில் வளர்ந்தவர்தான் பஞ்சாபின் மீர் சுல்தான் கான். 1929, 1932, 1933 என மூன்று முறை பிரிட்டிஷ் சாம்பியன். இங்கிலாந்தின் ஹேஸ்டிங்ஸ் போட்டியில் முன்னாள் உலகச் சாம்பியன் கபபிளாங்காவையே தோற்கடித்தார். ஆரோனுக்கு 30 வருஷம் முன்னால்! அப்புறம் விதியைக் காரணம் சொன்னால் எப்படி?

தக்கலை டீச்சர்:
நீங்கள் சொன்னதிலேயே பதில் இருக்கிறது சார். சுல்தான் கானை அவருடைய ஜமீன்தார் லண்டனுக்குக் கூட்டிக்கொண்டு போனார். நாலைந்து வருஷம் அங்கேயே இருந்து உலகத்தின் நல்ல ஆட்டக்காரர்களோடு ஆடினார். 1933இல் ஊர் திரும்பியதும் அவருடைய சர்வதேச ஆட்டம் நின்றுபோனது. ஆள் அதே ஆள்தானே? எதிரே உட்கார ஆள் வேண்டும். ஆரோனுக்கு அடுத்து இந்தியாவில் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆனவர் ரவிக்குமார், அது 1978. இடையில் 17 வருஷம். ஈடாக ஆட ஆள் இல்லாததால் பட்டம் லேசாகக் கிடைத்தது என்கிறீர்கள். அதே காரணத்தால்தான் கிராண்ட்மாஸ்டர் பட்டம் கைக்கு எட்டாமல் போனது என்று நான் சொல்கிறேன்.

கோட்டாறு 64:
டீச்சர், இதற்கு என்னிடம் சட்டென்று பதில் இல்லை. மனதில் இருப்பதைச் சொல்லிவிடுகிறேன். என் மகன் பத்தாம் வகுப்பு. நாலு வருஷமாக லீவு நாள் என்று ஒன்று எங்கள் வீட்டில் கிடையாது. கன்னியாகுமரி எக்ஸ்பிரஸில் ராத்திரி முழுக்கப் பயணம், காலையில் எழும்பூரில் பல் தேய்த்துவிட்டு நேராகப் போட்டிக்கு. ஒரு தடவை முதல் சுற்று மூன்று மணி நேரம் தாமதம், பிள்ளைகளுக்குக் குடிக்கத் தண்ணீர் கூட வைக்கவில்லை. "இதெல்லாம் எதுவரைக்கும்?" என்று அவன் அம்மா கேட்கிறாள். கிராண்ட்மாஸ்டர் வரைக்கும் என்றுதான் சொல்லி வைத்திருக்கிறேன். "அது ஆகாவிட்டாலும் பெரிய ஆள்தான்" என்று சுவரில் படம் வைத்துக் காட்டினால், அவன் காலை ஐந்து மணிக்கு எழுந்து எண்ட்கேம், அதாவது ஆட்டத்தின் கடைசிக் கட்டத்துக்கான பயிற்சி போடுவானா? எனக்கு இருக்கிற பயம் அதுதான்.

வெட்டூர்ணிமடம் சிப்பாய்:
அண்ணே, உங்கள் பயம் எனக்குப் புரிகிறது. என் வகுப்பிலும் அப்படி அலைகிற அப்பா அம்மா இருக்கிறார்கள். குறியைக் குறைக்கச் சொல்ல நான் யார்? ஒன்றை மட்டும் சொல்கிறேன். 1972இல் சென்னையில் சோவியத் கலாச்சார மையத்தில் தால் செஸ் கிளப்பைத் தொடங்கியவர் ஆரோன். அங்கே சில நிமிஷத்தில் முடிகிற பிளிட்ஸ் ஆட்டத்தில் ஜெயித்தவன் நாற்காலியில் இருப்பான், தோற்றவன் எழுந்து வரிசையின் கடைசிக்குப் போகணும். அந்த வரிசையில் நின்று வளர்ந்த பையன்தான் ஆனந்த். 1988இல் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டர். தனக்குக் கிடைக்காமல் போன எதிராளிகளை அடுத்த தலைமுறைக்கு உண்டாக்கிக் கொடுத்த மனுஷர் ஆரோன். ஆட்ட வாழ்க்கை என்று நான் சொல்வதில் இதுவும் சேர்த்திதான்.

குளச்சல் காத்து:
2024இல் குகேஷ் 18 வயதில் உலகச் சாம்பியன் ஆனதும் அந்த வரிசையின் தொடர்ச்சிதான் அண்ணே.

கோட்டாறு 64:
தம்பி, அவ்வளவு தூரம் இழுக்க வேண்டாம். குகேஷ் காலத்துப் பிள்ளைகள் கம்ப்யூட்டரோடு வளர்ந்தவர்கள். கிளப் விஷயம் உண்மை, அதை ஒத்துக்கொள்கிறேன். சார், ஒரு கேள்வி. படத்துக்குக் கீழே என்ன எழுதியிருக்கிறீர்கள்?

வெட்டூர்ணிமடம் சிப்பாய்:
"ஒன்பது முறை தேசிய சாம்பியன்" என்று மட்டும். இப்போது மார்க்கரில் இன்னொரு வரி சேர்த்திருக்கிறேன்: "ஸ்டாக்ஹோம் 1962: 22 ஆட்டம், 4 புள்ளி, 23ஆம் இடம். போர்டிஷையும் உல்மானையும் வென்றார்." ஞாயிற்றுக்கிழமை மகனைக் கூட்டிக்கொண்டு வாருங்கள் அண்ணே. அந்த இரண்டு ஆட்டத்தையும் அவனோடு உட்கார்ந்து பார்க்கலாம்.

கோட்டாறு 64:
வருகிறோம். கடைசி இடத்தையும் எழுதிவிட்டீர்கள், இனி படம் இருக்கட்டும். ஆனால் ஆனந்துக்கு மேலே வேண்டாம் சார், கீழே வையுங்கள்.

வெட்டூர்ணிமடம் சிப்பாய்:
மேலேதான் இருக்கும் அண்ணே. ஞாயிறு பத்து மணிக்கு வாருங்கள்.